சீட்டுக்கு அடியில ஒரு சப்வூஃபர்

ஷார்ஜாவுல வீடு, துபாயில வேலைன்னா நாம அதிகம் பாட்டு கேட்கிற இடம் கார்தான். சவுண்டை மாத்தணும்னா டோர் ஸ்பீக்கர்ல கை வைக்காதீங்க. முன்சீட்டுக்கு அடியில வைக்கிற சின்ன சப்வூஃபர் போதும் என்பது என் கட்சி. ஆம்ப்ளிஃபயர் உள்ளேயே இருக்கும். ஜேபிஎல் பேஸ்ப்ரோ எஸ்எல்னா 8 இன்ச், 125 வாட்.

ஹைவேயில டயர் இரைச்சல் முதல்ல முழுங்கறது பேஸைத்தான். ராஜா பாட்டுல பேஸ் கிட்டார் காணாமப் போகும், நாம வால்யூமை ஏத்துவோம், காது வலிக்கும். 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதை சப்வூஃபர் பார்த்துக்கிட்டா வால்யூமைக் குறைக்கலாம். இது அலற விடுறதுக்கு இல்லை. (ஸ்டீரியோவால தொல்லை கொடுத்தா 2017 விதிப்படி 400 திர்ஹாம், 4 பிளாக் பாயின்ட்.) டிக்கியை அடைக்கிற பெரிய பாக்ஸும் வேண்டாம், ஊருக்குப் போற பெட்டியை எங்கே வைப்பீங்க?

ஃபிட்டிங்ல மட்டும் கஞ்சத்தனம் கூடாது. பேட்டரியிலிருந்து தனி வயர், பேட்டரி பக்கத்திலேயே ஃப்யூஸ். வயர் உரசி ஷார்ட் ஆனா தீப்பிடிக்காம காப்பாத்தறது அந்த ஃப்யூஸ்தான். "தேவையில்லை பாய்"னு சொல்ற கடையிலிருந்து கிளம்பிடுங்க.

வாங்கறதுக்கு முன்னாடி சீட்டுக்கு அடியில குனிஞ்சு பாருங்க. நிறைய வண்டியில பின்சீட்டுக்கான ஏசி காத்து அங்கிருந்துதான் வரும். அதை அடைச்சீங்கன்னா ஜூலையில அம்மா பாட்டையே நிறுத்தச் சொல்லிடுவாங்க.