நாற்சந்தியில் நிற்பவருக்கு ‘மனசு சொல்றதைக் கேளு’ போதுமா? கொங்கு நாவல்கள் சொல்லும் வேறு பதில்

சத்தியமங்கலத்தை ஒரு நாற்சந்தி என்று சொன்னால் தப்பில்லை. ஒரு ரோடு கோவைக்கு, ஒரு ரோடு கோபி வழியாக ஈரோட்டுக்கு. இன்னொன்று பண்ணாரி தாண்டி, திம்பத்தின் 27 கொண்டை ஊசி வளைவுகளில் ஏறி, மைசூரு பக்கம் போகிறது. சமவெளி முடிந்து மலை தொடங்குவதும், தமிழோடு கன்னடம் கலப்பதும் இங்கேதான்.

படிப்பை முடித்துவிட்டு கோவைக்கோ பெங்களூருக்கோ பஸ் ஏறும் சத்தி இளைஞர்களுக்கு வேறு மாதிரியான நாற்சந்திகளும் உண்டு. வேலையை விடலாமா? காதலிப்பதை வீட்டில் எப்போது சொல்வது? சாமி நம்பிக்கை குறைந்துபோச்சு, ஆனாலும் குலதெய்வக் கோயில் கிடாவெட்டுக்குப் போகாமல் இருக்க முடியுமா? குழந்தை இப்போதைக்கு வேண்டாம் என்று கணவன், மனைவி இருவரும் முடிவு செய்துவிட்டார்கள், “விசேஷம் ஏதாச்சும் உண்டா கண்ணு?” என்று கேட்கும் பெரியம்மாவுக்கு என்ன பதில் சொல்வது?

இந்த மாதிரி நேரத்தில் பலர் கையில் எடுப்பது தன்னம்பிக்கைப் புத்தகங்களைத்தான். ஆனால் இதே கொங்கு மண்ணிலிருந்து வந்த சில நாவல்கள், அதே கேள்விகளை இன்னும் நேர்மையாகப் பேசுகின்றன. முடிவெடுக்கும் வயதில் இருப்பவர்கள் முதலில் படிக்க வேண்டியது அவற்றைத்தான்.

தன்னம்பிக்கைப் புத்தகங்களில் என்ன குறை?

பாலோ கொயலோ 1988-ல் எழுதிய ‘ரசவாதி’யை எடுத்துக்கொள்ளலாம். ஆடு மேய்க்கும் இளைஞன் ஒருவன் கனவைத் துரத்திக்கொண்டு எகிப்து வரை போகிறான். உலகம் முழுக்க விற்ற புத்தகம், தமிழிலும் நன்றாகவே ஓடியது. அது தரும் தைரியத்தைக் குறை சொல்ல முடியாது. சோர்ந்துபோன ஒருவரை எழுப்பி உட்கார வைக்க அது உதவும்.

சிக்கல் அதன் அடிப்படைக் கணக்கில் இருக்கிறது. நாற்சந்தியில் நிற்பவர் தனி ஆள், எல்லாப் பாதையும் திறந்திருக்கிறது, தைரியம் மட்டும்தான் குறை என்பது அந்தக் கணக்கு. நம்ம ஊரில் யாரும் அப்படித் தனியாக நிற்பதில்லை. கூடவே அப்பா அம்மா, மாமன் மச்சான், கூட்டம், குலதெய்வம், பங்காளி, நிலம், சாதி எல்லாம் வந்து நிற்கும். சிலருக்கு நாலு பாதையும் திறந்திருக்கும். சிலருக்கு மூன்று பாதைகளில் முள் வெட்டிப் போட்டிருப்பார்கள். அங்கே போய் ‘மனசு சொல்றதைக் கேளு’ என்பது பாதி ஆலோசனைதான்.

இதைக் கொங்கு நாவல் ஆரம்பத்திலேயே கண்டுகொண்டது. ஆர்.சண்முகசுந்தரத்தின் ‘நாகம்மாள்’ 1942-ல் வந்தது. கணவனை இழந்த ஒரு பெண் குடும்ப நிலத்தில் தன் பங்கைக் கேட்கிறாள், அவ்வளவுதான் கதை. ஆனால் அந்த ஒரு கேள்வி மொத்தக் குடும்பத்தையும் எங்கே கொண்டுபோய் நிறுத்துகிறது என்பதை கொங்குப் பேச்சுமொழியிலேயே அந்த நாவல் காட்டியது.

மாதொருபாகன்: அது யாருடைய முடிவு?

பெருமாள்முருகனின் ‘மாதொருபாகன்’ 2010-ல் வெளியானது. வெள்ளைக்காரன் காலத்துக் கதை. காளியும் பொன்னாவும் ஒருவர்மேல் ஒருவர் உயிரையே வைத்திருக்கும் தம்பதி. கல்யாணமாகி 12 வருஷம் ஆகியும் குழந்தை இல்லை. அவர்களுக்கு அது பெரிய குறையாகத் தெரியாத நாட்களிலும், ஊர் அதைக் குறையாக்கிக்கொண்டே இருக்கிறது. நல்ல காரியங்களில் பொன்னாவை ஒதுக்குகிறார்கள். காளியைக் கேலி பேசுகிறார்கள்.

தேர்த்திருவிழாவின் ஓர் இரவில், குழந்தை இல்லாத பெண் வேறொரு ஆணோடு சேர்ந்து கருத்தரிக்கலாம், அந்த ஆணை சாமியாகவே நினைத்துக்கொள்ள வேண்டும் என்ற வழக்கம் நாவலில் வருகிறது. சர்ச்சை முழுக்க இதைச் சுற்றித்தான் நடந்தது. ஆனால் கதையின் உண்மையான வலி வேறு இடத்தில் இருக்கிறது. காளி சம்மதித்துவிட்டான் என்று சொல்லித்தான் பொன்னாவை அனுப்புகிறார்கள். அவன் சம்மதிக்கவே இல்லை. அவள் எடுத்த முடிவு, அடுத்தவர் சொன்ன பொய்யின் மேல் நிற்கிறது.

இன்றைக்கு அந்தத் திருவிழா இரவு இல்லை. கருத்தரிப்பு மையங்களின் விளம்பரப் பலகைகள் கோவையிலும் ஈரோட்டிலும் இருக்கின்றன. ஆனால் ‘அவருக்குச் சம்மதம்தான்’, ‘அவளுக்கு ஒண்ணும் பிரச்சினை இல்லையாம்’ என்று நடுவில் இருப்பவர்கள் பேசி முடிப்பது மாறிவிட்டதா? சிகிச்சைக்குப் போவது, பெண் பார்க்கப் போவது, வேலையை விடச் சொல்வது என எத்தனையோ முடிவுகள் இன்னமும் இந்த ஒரு வரியில்தான் முடிகின்றன.

ஒரே கதை, இரண்டு தொடர்ச்சி

முடிவைத் திறந்துவைத்துவிட்டுத்தான் ‘மாதொருபாகன்’ முடிகிறது. அதன் பிறகு பெருமாள்முருகன் ஒரு அபூர்வமான வேலையைச் செய்தார். அங்கிருந்து பிரியும் இரண்டு தனித்தனித் தொடர்ச்சிகளை எழுதினார். ‘ஆலவாயன்’, ‘அர்த்தநாரி’ என்ற அந்த இரண்டு நாவல்களும் 2014-ல் வந்தன. ஒன்றில் காளி இறந்துவிடுகிறான். பொன்னா தனியாக வாழ்க்கையை எதிர்கொள்கிறாள். மற்றொன்றில் காளி உயிரோடு இருக்கிறான். ஆனால் அவளை மன்னிக்க முடியாமல் விலகி நிற்கிறான்.

இரண்டையும் படித்தால் ஒரு விஷயம் பிடிபடும். இதில் எதுவும் ‘சரியான பாதை’ இல்லை. இரண்டிலுமே அதிக விலை கொடுப்பது பொன்னாதான். நாற்சந்தியில் தப்பான பக்கம் திரும்பியதால் மட்டும் வாழ்க்கை கெடுவதில்லை. திரும்பிய பிறகு கூட இருப்பவர்கள் எப்படி நடந்துகொள்கிறார்கள் என்பதிலும் இருக்கிறது.

அதே ஊர், அதே ஆண்டு

2014 டிசம்பரில் திருச்செங்கோட்டில் இந்த நாவலுக்கு எதிராகப் போராட்டம் வெடித்தது. புத்தகம் எரிக்கப்பட்டது. 2015 ஜனவரி 12 அன்று நாமக்கல் ஆட்சியர் அலுவலகத்தில் நடந்த பேச்சுவார்த்தையில் எழுத்தாளர் மன்னிப்பு கேட்க நேர்ந்தது. அடுத்த நாளே, எழுத்தாளன் பெருமாள்முருகன் செத்துவிட்டான் என்று ஃபேஸ்புக்கில் அறிவித்து எழுதுவதை நிறுத்தினார்.

2015 ஜூன் மாதம், அதே திருச்செங்கோடு அர்த்தநாரீஸ்வரர் கோயிலில் கூடப் படித்த பெண்ணோடு பேசிக்கொண்டிருந்த தலித் பொறியியல் பட்டதாரி கோகுல்ராஜ் கடத்தப்பட்டார். மறுநாள் ரயில் தண்டவாளத்தில் அவருடைய உடல் கிடந்தது. 2022 மார்ச்சில் மதுரை சிறப்பு நீதிமன்றம் 10 பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது.

புத்தகத்துக்கு எதிரான போராட்டமும் இந்தக் கொலையும் ஒன்று அல்ல. ஒன்றிலிருந்து மற்றொன்று வந்தது என்றும் சொல்ல முடியாது. ஆனால் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு கேள்வி எழுகிறது. ஆணும் பெண்ணும் யாரோடு சேரலாம் என்ற கேள்வியைக் கதையில்கூட எழுப்பக் கூடாது என்கிற சமூகம், அதை வீட்டில் எழுப்பும் பிள்ளையிடம் எப்படிப் பேசும்?

பெருமாள்முருகனின் ‘பூக்குழி’ (2013) இதைத்தான் எழுதியது. குமரேசனும் சரோஜாவும் காதலித்துக் கல்யாணம் செய்து அவன் ஊருக்கு வருகிறார்கள். அவள் என்ன சாதி என்று நாவல் கடைசி வரை சொல்வதில்லை. ஊர் மட்டும் அதையே கேட்டுக்கொண்டிருக்கிறது. வாசகருக்கும் ‘அவள் என்ன ஆளுங்க?’ என்று தோன்றினால், நாவல் கண்ணாடியைத் திருப்பிக் காட்டிவிட்டது என்று அர்த்தம். இதன் ஆங்கில மொழிபெயர்ப்பு 2023-ல் சர்வதேச புக்கர் பரிசின் நெடும்பட்டியலில் இடம்பிடித்தது.

பாதையே அடைபட்டால்?

சத்திக்கு இன்னும் நெருக்கமான நாவல் ஒன்று உண்டு. வழக்கறிஞரும் மனித உரிமைச் செயற்பாட்டாளருமான ச.பாலமுருகன் எழுதிய ‘சோளகர் தொட்டி’ (2004). தொட்டி என்றால் சோளகர் பழங்குடியினரின் குடியிருப்பு. நாவலின் முதல் பாதியில் ராகி, தேன், காடு, சாமி, ஆட்டம்பாட்டம் என அவர்களுடைய வாழ்க்கையும் நிலம் கைவிட்டுப்போகும் கதையும். இரண்டாம் பாதியில் வீரப்பன் தேடுதல் வேட்டை என்ற பெயரில் தமிழக, கர்நாடக அதிரடிப் படைகள் அந்த மக்கள்மீது நடத்திய சித்திரவதை.

இந்த நாவலில் வருபவர்களிடம் போய் ‘உன் பாதையை நீயே தேர்ந்தெடு’ என்று யாராலும் சொல்ல முடியாது. ஒரு பக்கம் வீரப்பன், ஒரு பக்கம் போலீஸ். எந்தப் பக்கம் திரும்பினாலும் அடி. இது வெறும் கற்பனையும் இல்லை. அதிரடிப் படைகள் மீதான புகார்களை விசாரிக்க தேசிய மனித உரிமை ஆணையம் நீதிபதி சதாசிவா தலைமையில் குழு அமைத்தது. 2007-ல் பாதிக்கப்பட்ட 89 பேருக்கு 2.80 கோடி ரூபாய் இடைக்கால நிவாரணமாக வழங்கச் சொன்னது.

வீரப்பன் 2004 அக்டோபரில் கொல்லப்பட்டார். 2013-ல் இதே காடு புலிகள் காப்பகம் ஆனது. புலி எண்ணிக்கையைப் பெருக்கியதற்காக 2022-ல் சர்வதேச விருதும் கிடைத்தது. மாதேஸ்வரனின் வாகனமாகப் புலியை வணங்கிய மக்களிடம், இனி புலிக்காகக் காட்டுக்குள் இது கூடாது, அது கூடாது என்று சொல்லப்படுகிறது. நம்பிக்கையும் பண்பாடும் வாழ்வாதாரமும் ஒரே இடத்தில் முட்டிக்கொள்ளும் நாற்சந்தி இது. வார இறுதியில் திம்பம் ஏறி ரீல்ஸ் எடுத்துவிட்டு இறங்குபவர்கள் ஒருமுறை இந்த நாவலைப் படித்துவிட்டுப் போனால், அந்தக் காடு வேறு மாதிரி தெரியும்.

ஊர் மனசு புண்படாதா?

இந்தக் கேள்வியைத் தள்ளிவிட முடியாது. நிஜமான ஊர், நிஜமான கோயில் பெயரைச் சொல்லி இப்படி ஒரு வழக்கத்தை எழுதும்போது அங்கே வாழும் பெண்களை ஊர் என்ன பேசும் என்ற வருத்தம் பலருக்கு உண்மையாகவே இருந்தது. அதைச் சொல்லவும், எதிர்த்து எழுதவும் அவர்களுக்கு முழு உரிமை உண்டு. வாயை மூடவைக்கத்தான் உரிமை இல்லை.

சென்னை உயர் நீதிமன்றமும் 2016 ஜூலை 5 அன்று அளித்த தீர்ப்பில் கிட்டத்தட்ட இதையே சொன்னது. பிடிக்காதவர் அந்தப் புத்தகத்தைப் படிக்க வேண்டிய கட்டாயம் இல்லை. அந்த அமைதிப் பேச்சுவார்த்தை முடிவு எழுத்தாளரைக் கட்டுப்படுத்தாது. அவர் மீண்டும் எழுத வர வேண்டும் என்றது. பெருமாள்முருகனும் திரும்பி வந்தார். 2023-ல் அவருடைய ‘ஆளண்டாப் பட்சி’யின் மொழிபெயர்ப்பு ஜேசிபி விருதை வென்றது.

சரி, படிச்சு என்ன ஆகப்போகுது?

நாவல் படித்தால் கல்யாணத்துக்கு வீட்டில் சம்மதம் கிடைத்துவிடாது. ஒரு கொலையைத் தடுக்கும் சக்தியும் அதற்குக் கிடையாது. ஆனால் முடிவெடுப்பதற்கு முன் கேட்க வேண்டிய கேள்விகளை அது கற்றுத்தரும்.

சம்பந்தப்பட்டவரிடமே நேரில் கேட்டாச்சா, இல்லை நடுவில் யாரோ சொன்னதா? பொன்னா கேட்காமல் விட்டது இது. இந்த முடிவுக்கு யார் விலை கொடுக்கப்போகிறார்கள்? ‘ஆலவாயன்’, ‘அர்த்தநாரி’ கேட்பது இது. நமக்குத் திறந்திருக்கும் இந்தப் பாதை யாருக்கு அடைபட்டிருக்கிறது? ‘சோளகர் தொட்டி’ கேட்பது இது.

தன்னம்பிக்கைப் புத்தகத்தை ஒருவர் தனியாகப் படித்துத் தனியாகத் தேறிக்கொள்ளலாம். இந்த நாவல்களைப் படித்தால் யாரிடமாவது பேசத் தோன்றும். அம்மாவிடம், கணவனிடம், கல்யாணப் பேச்சு எடுக்கும் மாமாவிடம். வீட்டில் நேராகக் கேட்கத் தயங்கும் விஷயத்தை, ‘இந்தக் கதையில காளி செஞ்சது சரியா?’ என்று ஆரம்பித்துப் பார்க்கலாம். கொங்கு வீடுகளில் பல பேச்சுகள் தொடங்காமலே போனதற்கு, தொடங்க ஒரு வழி கிடைக்காததும் ஒரு காரணம்.