விசாரணை கை மாறினால் போதுமா?

வேலியே பயிரை மேய்ந்தால் யாரிடம் முறையிடுவது? நமது அண்டை மாவட்டத்துச் சாத்தான்குளத்தில் 2020 ஜூனில் எழுந்த கேள்வி இது. ஊரடங்கு நேரத்தில் கடை திறந்திருந்ததாகச் சொல்லிக் கொண்டுசெல்லப்பட்ட வணிகர் ஜெயராஜும் மகன் பென்னிக்ஸும் உயிருடன் வீடு திரும்பவில்லை. உடல்நலக் குறைவு என்றது ஆட்சி! உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தாமாக முன்வந்தது. தடயங்கள் அழிந்துவிடக் கூடாதென்று, சி.பி.ஐ. வரும்வரை காத்திராமல் சி.பி.சி.ஐ.டி.யிடம் வழக்கை ஒப்படைத்தது. ஆனால் உண்மையின் கதவைத் திறந்தது, மாஜிஸ்திரேட்டிடம் அஞ்சாமல் சாட்சி சொன்ன ஒரு பெண் காவலரின் துணிவல்லவா?

மறுபக்கத்தையும் பாருங்கள். குஜராத்தின் சொராபுதீன் என்கவுன்ட்டர் வழக்கை 2010 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சி.பி.ஐ.க்கு மாற்றியது. தொண்ணூற்றுக்கும் மேற்பட்ட சாட்சிகள் பிறழ்ந்தனர். 2018 டிசம்பரில் 22 பேரும் விடுதலை! அதே குஜராத்தின் பில்கிஸ் பானு கடைசிவரை தளரவில்லை; 2008இல் 11 பேருக்கு ஆயுள் தண்டனை.

இளைஞர்களே, வணிகப் பெருமக்களே! மாநில அரசு சம்மதிக்காவிட்டாலும் சி.பி.ஐ. விசாரணைக்கு உத்தரவிட நீதிமன்றங்களுக்கு அதிகாரம் உண்டென்று 2010இல் அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்துவிட்டது. அதிகாரம் அங்கே இருக்கிறது. சாட்சியோ நம்மிடம் இருக்கிறது. கண்டதைச் சொல்லுங்கள், சொன்னதில் நில்லுங்கள்!