வில்பத்தும் முசலி மக்களின் காணிகளும்

வில்பத்து என்றதும் சிறுத்தையும் கரடியும் நினைவுக்கு வந்த காலம் போய், முஸ்லிம்கள் காட்டை அழித்தனர் என்ற குற்றச்சாட்டே முதலில் நினைவுக்கு வரும் நிலை தோன்றியுள்ளது. இது வேதனைக்குரியதாகும்.

மழைநீர் தேங்கும் ஆழங்குறைந்த இயற்கை நீர்நிலைகளான வில்லுகளே அத்தேசிய பூங்காவின் தனிச்சிறப்பு. மகாவலியின் தாழ்நிலங்களிலும் வில்லுகள் உண்டு என்பதால், அந்நதி கலக்கும் கொட்டியாற்றுக் குடாவை அண்டி வாழும் எமக்கு அவற்றின் அருமை தெரியாததல்ல. 1938 இல் தேசிய பூங்காவாகப் பிரகடனப்படுத்தப்பட்ட வில்பத்து, யுத்தத்தினால் பல வருடங்கள் மூடப்பட்டு 2010 இல் மீண்டும் திறக்கப்பட்டது. அது பேணப்பட வேண்டும் என்பதில் இரு கருத்துகளுக்கு இடமில்லை.

ஆனால், சர்ச்சைக்குரிய மரிச்சுக்கட்டி, கரடிக்குளி பகுதிகள் பூங்காவுக்கு வடக்கே, அதன் எல்லைக்கு வெளியே, மன்னார் மாவட்டத்தின் முசலிப் பிரிவில் உள்ளவை. 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகளால் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களில் இவ்வூரவர்களும் அடங்குவர். ஏறத்தாழ இரு தசாப்தங்கள் புத்தளத்தில் அகதிகளாக வாழ்ந்துவிட்டு 2009 இன் பின் அவர்கள் திரும்பியபோது, வீடு வளவுகளைக் காடு மூடியிருந்தது. அதற்கிடையில் 2012 இல் வர்த்தமானி மூலம் அப்பகுதிகள் ஒதுக்குக் காடுகளாக்கப்பட்டன. களத்துக்கு வராமலேயே எல்லையிட்டனர் என்பது மக்களின் முறைப்பாடு. 2017 மார்ச்சில் அன்றைய ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன, ரஷ்யாவில் இருந்தவாறே மாவில்லு பேணற்காட்டுப் பிரகடனத்தில் கையொப்பமிட்டார். அங்கிருந்து கையொப்பமிடும் அளவுக்கு என்ன அவசரமோ நாம் அறியோம்.

மறுபக்கத்தையும் மறைப்பதற்கில்லை. மீள்குடியேற்றத்தின் பேரில் காடு வெட்டப்பட்டமை சட்டவிரோதம் என 2020 நவம்பரில் மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்து, முன்னாள் அமைச்சர் ரிஷாட் பதியுதீன் தமது செலவில் மரம் நடுகை செய்ய வேண்டுமெனப் பணித்தது. உரிய அனுமதிகளைப் பெறாது அரசியல்வாதிகள் காட்டிய வேகம், இறுதியில் அப்பாவி மக்களின் நியாயமான கோரிக்கையையே பலவீனப்படுத்தியது.

எனவே வன பரிபாலனத் திணைக்களமும் நில அளவைத் திணைக்களமும் முசலி பிரதேச செயலகமும் ஒன்றாகக் களத்தில் இறங்கி, 1990 இற்கு முற்பட்ட உறுதிகளையும் அனுமதிப்பத்திரங்களையும் வாக்காளர் இடாப்புகளையும் பரிசீலித்து எல்லையை மீள நிர்ணயிக்க வேண்டும். குடிமனையாகவோ வயலாகவோ இருந்தவை உரியவர்களைச் சேரட்டும். எஞ்சியதில் எவரும் கைவைக்க இடமளிக்கலாகாது. வெளியேற்றப்பட்டபோது முப்பது வயதாயிருந்தவர் இன்று அறுபதைக் கடந்துவிட்டார். பழைய வேலியும் கிணறும் எங்கே இருந்தன என்று காட்டக்கூடியவர்கள் அவர்களே.