கூட்டுறவுச் சங்கங்களும் சிப்பந்திகளும்

கூட்டுறவு என்றால் என்ன என்று கேட்டால், பெரிய பங்குக்காரனுக்கும் ஒரு ஓட்டு, சிறிய பங்குக்காரனுக்கும் ஒரு ஓட்டு, எல்லோரும் சமம் என்று சொல்லுவார்கள். 1844-இல் இங்கிலாந்தில் ராச்டேல் என்னும் ஊரில் 28 பேர் காசு சேர்த்து ஒரு கடை வைத்தது முதல் இதுதான் கொள்கை. நம் நாட்டில் 1904-இல் சட்டம் வந்து, ஐக்கிய நாணய சங்கம் என்ற பெயரால் ஊர் ஊராகப் பரவியபோதும் இதையேதான் சொன்னார்கள். நல்ல கொள்கைதான், நாமும் வரவேற்கிறோம். ஆனால் இந்தச் சமத்துவம் அங்கத்தினர்களோடு நின்றுவிடுகிறதா, அல்லது சங்கத்தில் கணக்கு எழுதும் குமாஸ்தாவுக்கும், ரேஷன் கடையில் அரிசி நிறுக்கும் விற்பனையாளருக்கும் உண்டா என்பதுதான் நமது கேள்வி.

ஒரு ரேஷன் கடையில் இருப்புக் குறைகிறது என்று வைத்துக்கொள்வோம். கிடங்கிலிருந்து வந்த மூட்டையே எடை குறைந்து வந்திருக்கலாம், இறக்கும்போது சிந்தியிருக்கலாம், எலி தின்றிருக்கலாம், விற்பனையாளரே எடுத்தும் இருக்கலாம். எது என்று கண்டுபிடிக்கத்தானே விசாரணை? பல இடங்களிலோ, குற்றஞ்சாட்டுகிறவரும் தலைவர், விசாரிக்கிறவர் தலைவருக்கு வேண்டியவர், தீர்ப்பு எழுதுகிறவரும் தலைவர்! கணக்குப் புத்தகத்தைக் காட்டுங்கள் என்றால் பதிலில்லை. சாட்சியைக் குறுக்கே கேட்க இடமில்லை. போதாதற்குக் கற்பூரம் அணைத்துச் சத்தியம் செய்யச் சொல்லுகிற புத்திசாலிகளும் உண்டு. மூட்டையின் எடை கற்பூரத்துக்கு எப்படித் தெரியும்? தராசு எதற்கு இருக்கிறது?

இன்னொரு சூழ்ச்சியும் உண்டு. 1983-ஆம் வருஷத்துத் தமிழ்நாட்டுக் கூட்டுறவுச் சட்டத்தின் 81-வது பிரிவுப்படி சங்கத்தின் காரியங்களை விசாரித்து எழுதிய அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு, அதுவே போதும் என்று ஆளை வீட்டுக்கு அனுப்புவது. அது சங்கத்தின் நிலைமையை அறிவதற்கான விசாரணை. ஒருவர் பிழைப்பைப் பறிப்பதானால், அவருக்குக் குற்றப்பத்திரம் கொடுத்து, பதில் வாங்கி, அவர் முன்னிலையில் சாட்சியை விசாரிக்க வேண்டாமா?

சரி, நீக்கப்பட்டவர் எங்கே போவது? அதே சட்டத்தின் 90-வது பிரிவு சங்கத் தகராறுகளை ரிஜிஸ்திராரிடம் கொண்டுபோகலாம் என்று சொல்லிவிட்டு, சிப்பந்திமேல் எடுத்த ஒழுங்கு நடவடிக்கையை மட்டும் விலக்கி வைத்திருக்கிறது. ஹைகோர்ட்டுக்குப் போகலாமென்றால், 2006-இல் சென்னை ஹைகோர்ட்டில் ஐந்து நீதிபதிகள் கூடி, சட்டம் விதித்த கடமையைச் சங்கம் மீறினாலொழிய அதன்மேல் ரிட் சாதாரணமாகச் செல்லாது என்று தீர்ப்புச் சொல்லியிருக்கிறார்கள். சங்கத்தின் பைலாவுக்குச் சட்டத்தின் பலமில்லை என்று 1969-இலேயே சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது. ஆனால் சிப்பந்தியின் வேலை நிபந்தனை சங்கத்தின் ‘வியாபாரம்’ ஆகாது, அதைத் தொழில் நியாய ஸ்தலம் விசாரிக்கலாம் என்றும் அதே தீர்ப்பில் சொன்னது. ஆகவே சிப்பந்திகள் தங்களைத் தொழிலாளிகள் என்று உணர்ந்து அந்த வழியைத் தேட வேண்டுமேயல்லாமல், தலைவர் வீட்டுத் திண்ணையில் காத்துக்கிடப்பதில் பயனில்லை.

வேலையை நிறுத்தி வைக்கும் காலத்துப் பட்டினியோ இன்னும் கொடியது. இதற்கென்றே 1981-இல் தமிழ்நாட்டில் ஒரு சட்டம் செய்தார்கள். முதல் 90 நாளுக்குப் பாதிச் சம்பளம், பிறகு 180 நாள் வரை முக்கால், அதற்கு மேல் முழுச் சம்பளம் பிழைப்புப் படியாகத் தரவேண்டும். படி கொடுக்காமல், விசாரணைக்கு வரவில்லை என்று ஒருதலையாக முடிப்பது செல்லாது என்று 1999-இல் கோலார் தங்கவயல் சிப்பந்தி ஒருவர் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. வயிறு காய்கிறவர் பஸ் சத்தத்துக்கு எங்கே போவார்?

திருடர்களுக்குப் பரிந்து பேசுகிறீர்களா என்று சிலர் கேட்கக்கூடும். சங்கத்தின் பணம் ஏழைக் குடியானவன் பணம்; அதைத் தின்றவரைத் தண்டிக்கத்தான் வேண்டும். ஆனால் அரைகுறை விசாரணையால், உண்மையிலேயே திருடியவரும் பல வருஷங் கழித்துத் தீர்ப்பு வாங்கிக்கொண்டு பின்சம்பளத்தோடு திரும்பி வருகிறாரே, அந்தப் பணத்தைத் தலைவரா கொடுக்கிறார்? அங்கத்தினர்களாகிய நீங்கள்தான் கொடுக்கிறீர்கள். ஆதலால் அடுத்த மகாசபைக் கூட்டத்தில் லாபப் பங்கு எவ்வளவு என்று கேட்பதோடு, இந்த வருஷம் யார் யாரை நிறுத்தினீர்கள், யார் விசாரித்தார், படி கொடுத்தீர்களா என்றும் எழுந்து கேளுங்கள்.