கேம்மைத் திட்டுறதுக்கு முன்னாடி ஒரு நிமிஷம்



போன மாசம் அன்னதானத்துக்கு வெங்காயம் உரிச்சிக்கிட்டு இருந்தப்ப ஒரு பேச்சு வந்தது. "பிள்ளைங்க தேவார வகுப்புக்கு வர்றதில்ல, எல்லாம் இந்தக் கேம் பண்ற வேலை." நானும் தலையாட்டினேன். வீட்டுக்கு வந்த பிறகுதான், நாம ஒருத்தராவது அதைப் பார்த்திருக்கோமான்னு தோணுச்சு. அன்றிலிருந்து ஞாயிறு சாயங்காலம் மகன் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கிறேன்.

அவன் விளையாடுவது பெர்சோனா 5. ஜப்பானில் 2016-ல் வந்தது. செய்யாத தப்புக்குப் பழி சுமந்த ஒரு பையன், தோக்கியோவில் ஒரு காப்பிக்கடை மாடியில் தங்கிப் பள்ளிக்கூடம் போகிறான். சண்டை உண்டு. ஆனா பாதி நேரம் சண்டையே இல்லை! பள்ளி விட்டதும் ஒரு வேலை, ராத்திரிக்கு ஒரு வேலை, அப்புறம் தூக்கம். படிக்கலாம், பூக்கடையில் வேலை பார்க்கலாம், அறையில் இருக்கிற செடிக்கு உரம் போடலாம். போன நாள் திரும்பாது. முக்கிய வேலையைக் கெடு தேதிக்குள் முடிக்கலன்னா ஆட்டம் அவ்வளவுதான்.

அறிவு, துணிச்சல், கைத்திறன், அன்பு, வசீகரம் என்று ஐந்து குணம், ஒவ்வொன்றுக்கும் ஐந்து படி. செடிக்கு உரம் போட்டால் அன்பு கூடியதாகத் திரையிலேயே காட்டுகிறது.

எனக்குச் சுருக்கென்றது அங்கேதான். நம்ம கோயிலில் ஒரு பிள்ளை ரெண்டு மாசம் விடாமல் வகுப்புக்கு வந்தால், "நீ வளர்ந்திருக்கேப்பா" என்று யார் சொன்னோம்? ஓடாதே, கத்தாதே, போனை வை. இதுதானே சொல்றோம். தொழிற்சாலையில் புது ஆளை நான் இப்படி நடத்தினா மூணு மாசம்கூட நிற்கமாட்டான்.

எல்லாம் நல்லதுன்னு சொல்லல. நண்பனிடம் பேசக்கூட எந்தப் பதில் சொன்னா உறவு ஏறும்னு மகன் இணையத்தில் பார்த்துச் சொல்றான். அது அன்பா, கணக்கா? நம்ம சிவன், பார்வதி, பிள்ளையார்கூட அதில் சண்டை போடும் உருவமா வர்றாங்க. எனக்குக் கோபம்தான் வந்தது.

ஆனா சிவனையும் பார்வதியையும் சேர்த்தா அர்த்தநாரி வருகிறது. "ஏம்ப்பா ரெண்டு பேரும் ஒண்ணாகுறாங்க?" என்று கேட்டான். சின்ன வயசிலிருந்து கோயிலுக்குக் கூட்டி வர்றேன், இப்படி ஒரு கேள்வி கேட்டதே இல்லை. எனக்கும் பாதிதான் பதில் தெரிந்தது. மீதியை வகுப்பில் ஆசிரியரிடம் கேள்னு சொன்னேன். இந்த ஞாயிறு வர்றானாம்.

நிர்வாகத்திடம் ஒன்று கேட்டிருக்கேன். ஒவ்வொரு பிள்ளைக்கும் கோயிலில் அவன் பேரிலேயே ஒரு சின்ன வேலை கொடுங்க. விளக்குக்கு எண்ணெய், நந்தவனத்துக்குத் தண்ணி, எதுவானாலும் சரி. செய்ததையும், படித்த பதிகத்தையும் ஒரு நோட்டில் எழுதி, மாசம் ஒரு தடவை எல்லார் முன்னாடியும் வாசிக்கணும். நோட்டுச் செலவு என்னுது. எழுதி வைக்க ஒரு ஆள் வேணும், முடிஞ்சவங்க கீழே பேர் போடுங்க.