சுவருக்கு அந்தப் பக்கம்



கம்மாபுரத்தில் வீட்டுக்குக் கீழறை எடுப்பவர்கள் குறைவு. நாங்கள் வாடகைக்கு இருக்கும் கட்டடத்தில் எப்படியோ ஒன்று வாய்த்துவிட்டது. எங்கள் பத்திரிகையின் பழைய இதழ்க் கட்டுகளெல்லாம் அங்கேதான். ஐப்பசி அடைமழையில் கதவைத் திறந்ததும் ஓத நாற்றம் மூக்கில் ஏறியது. கீழ்த்தட்டு இதழ்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தன. சுவரில் முழங்கால் உயரத்துக்கு உப்பு பூத்து, விரல் பட்டதும் மாவாக உதிர்ந்தது. போன வருஷம் செலவழித்து அடித்த பெயின்ட் அப்பளம் போல உப்பி நின்றது.

பார்க்க வந்த மேஸ்திரி சுவரைத் தொடவே இல்லை. நேரே வெளியே போனார். மாடித் தண்ணீர்க் குழாய் சரியாக அந்தச் சுவரின் காலடியில்தான் கொட்டிக்கொண்டிருந்தது. “உள்ள எத்தனை கோட்டிங் அடிச்சாலும் தள்ளிடும் சார். தண்ணிக்கு வெளிய வழி விடுங்க” என்றார்.

அதைக் கேட்டதும் பக்கத்து நெய்வேலிச் சுரங்கம் ஞாபகம் வந்தது. 1930களில் ஜம்புலிங்க முதலியார் தண்ணீருக்காக நிலத்தைத் துளைத்தபோதுதான் கறுப்பாகப் பழுப்பு நிலக்கரி தலைகாட்டியது. 1957 மே 20 அன்று நேரு சுரங்கப் பணியைத் தொடங்கி வைத்தார். சுரங்கத்தில் கரி கண்ணில் பட 1961 ஆகிவிட்டது. கரிப்படுகைக்கு அடியில் இருக்கும் ஊற்று நீர், சதுர சென்டிமீட்டருக்கு 6 முதல் 8 கிலோ அழுத்தத்தில் மேலே உந்துகிறது. அதை எதைக் கொண்டு அடைப்பது? குழாய்க் கிணறுகள் போட்டு இரவு பகலாக இறைத்து அழுத்தத்தைத் தணித்தார்கள்.  

ஆனால் எல்லா ஈரமும் சுவர் வழியாக வருவதில்லை. மழைநாளில் ‘காற்றாடட்டும்’ என்று நான் கீழறை ஜன்னலைத் திறந்து வைப்பேன். அதுவும் தப்பாம். வெளியிலிருந்து வரும் ஈரக்காற்று குளிர்ந்த சுவரில் பட்டு வியர்க்கிறது. எது எதுவென்று கண்டுபிடிக்க, சப்பாத்தி சுற்றும் ஃபாயிலில் ஒரு துண்டைச் சுவரில் நாலு பக்கமும் டேப் போட்டு ஒட்டி, இரண்டு நாள் விட்டுப் பாருங்கள். அறைப் பக்கம் முத்து முத்தாக நீர் கோத்திருந்தால் காற்றின் ஈரம். மழை ஓயும்வரை ஜன்னலைச் சாத்துங்கள், முடிந்தால் ஈரமுறிஞ்சும் மெஷின் வையுங்கள். ஈரப்பதம் 60 சதவீதத்துக்குக் கீழே இருந்தால் பூஞ்சை அடங்கும். பின்பக்கம் நனைந்திருந்தால் சுவர் வழியாக வருகிறது. எங்கள் துண்டில் இரண்டு பக்கமும் ஈரம்!

குழாயைத் தெருப்பக்கம் திருப்பியாகிவிட்டது. தட்டுகளைச் சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளி, செங்கல் மேல் தூக்கி வைத்திருக்கிறோம். பழைய இதழ் கேட்டு எழுதியவர்கள் தை வரை பொறுத்துக்கொள்ளுங்கள். கீழ்த்தட்டுக் கட்டுகள் என் மேஜையில், ஃபேனுக்கு அடியில், பக்கம் பக்கமாகக் காய்ந்துகொண்டிருக்கின்றன.

அன்புடன்,
ஆசிரியர்