‘பரிசீலிக்கவும்’ என்பது வெற்றியா?

“ஹைகோர்ட்டில் ஜெயித்து விட்டோம் ஹஜ்ரத்!” என்று இனிப்புப் பொட்டலத்தை நீட்டுகிறார்கள். உத்தரவை வாங்கிப் படித்தால், ‘மனுதாரரின் கோரிக்கையைச் சட்டப்படி பரிசீலித்து எட்டு வாரத்தில் முடிவெடுக்க வேண்டும்’ என்று இருக்கிறது. அவ்வளவுதான்!

சகோதரர்களே, இதில் வெற்றி எங்கே இருக்கிறது? வெளிமாநிலத்தில் பட்டம் பெற்ற நம் பிள்ளை, அரசு வேலைக்காக இணைச் சான்றிதழ் கேட்டுப் பல்கலைக் கழகத்தில் மனுக் கொடுக்கிறான். மாதக் கணக்கில் பதில் இல்லை. கடன் வாங்கி ரிட் போடுகிறோம். கோர்ட்டோ ‘கொடு’ என்று சொல்லவில்லை. ‘கொடுக்கலாமா என்று பார்’ என்றுதான் சொல்கிறது. பார்த்துவிட்டு, ‘தருவதற்கில்லை’ என்று பதில் அனுப்பினாலும் உத்தரவை நிறைவேற்றியதாகவே பல்கலைக் கழகம் சொல்லும்! மறுபடியும் வக்கீல், மறுபடியும் ஃபீஸ். அதற்குள் வேலைக்கு விண்ணப்பிக்கும் தேதி போய்விடும்.

இதை நான் மட்டும் சொல்லவில்லை. இப்படிப்பட்ட ‘பரிசீலி’ உத்தரவுகளால் வரும் சிக்கலை உச்ச நீதிமன்றமே 2006-லும் 2008-லும் விளக்கியிருக்கிறது. காலம் கடந்து போன கோரிக்கைக்கு இந்த உத்தரவு மறுபடி உயிர் கொடுத்துவிடாது என்றும் 2008 தீர்ப்பு சொல்கிறது. ஆகவே, ஆண்டுக் கணக்கில் தூங்கிவிட்டு ஓடுபவர்களுக்கு இதில் பலன் இல்லை.

வக்கீல்களைக் குறை சொல்வதற்கில்லை. (கொஞ்சம் சொல்லலாம்!) ‘பரிசீலிக்கச் சொன்னால் போதும்’ என்று கேட்டால் எதிர்த் தரப்பும் மறுப்பதில்லை, வழக்கும் சீக்கிரம் முடிகிறது. ஆனால், எது நம் உரிமை என்று அவரிடம் விளக்காமல் வக்காலத்தில் கையெழுத்துப் போட்டது யார்? நாம்தானே!

வியாபாரிகளே! பத்து ரூபாய் சரக்குக்கும் பில் கேட்கிறீர்கள். மகன் கொடுத்த மனுவுக்கு ரசீது எங்கே? கடன் கொடுக்கல் வாங்கலை எழுதி வைக்கக் கட்டளையிட்ட மார்க்கம் நம்முடையது. மனுவை ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள், அது போய்ச் சேர்ந்ததற்கான ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். முப்பது நாளில் பதில் கேட்க 2005-ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. கட்டணம் பத்தே ரூபாய்! மனு யார் மேஜையில் கிடக்கிறது, எந்த விதி தடுக்கிறது என்று கேளுங்கள்.

அதன் பிறகு கோர்ட்டுக்குப் போங்கள். உரிமை தெளிவாக இருந்தால், ‘சான்றிதழ் வழங்க உத்தரவிடுங்கள்’ என்றே கேட்கச் சொல்லுங்கள். பரிசீலிக்கத்தான் உத்தரவு கிடைக்கும் என்றால், நேரில் விசாரித்து, காரணத்தை எழுத்தில் தர வேண்டும் என்ற வரியையாவது அதில் சேர்க்கச் சொல்லுங்கள். காரணத்தை எழுதிவிட்டால் அதை எதிர்த்து வாதாடலாம். எழுதாமல் நிராகரித்தால் அதுவே அடுத்த வழக்குக்கு ஆயுதம்!

கெடு முடிந்தும் அசையவில்லையா? கோர்ட் அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் அவகாசம். உத்தரவு நகல் கைக்கு வந்த அன்றே, கெடு முடியும் தேதியைக் கடைக் காலண்டரில் வட்டமிட்டு வையுங்கள். இனிப்பை, சான்றிதழ் வந்த பிறகு வாங்கிக் கொள்ளலாம், இன்ஷா அல்லாஹ்.